சம்சாரி வீட்டுக் கதைகள்: கி. ராஜநாராயணனின் படைப்புலகில் குடும்பம்

நுழையும்முன்

குடும்பத்தைப் பற்றி எழுதுவது எளிதுபோலத் தோன்றும். எல்லாரும் அறிந்த ஒன்றுதானே எனத் தோன்றும். ஆயினும் அறிந்ததை அறிந்தவாறு எழுதுவதுதான் அரிது. ஒருபுறம், குடும்பத்தைக் குறையே இல்லாத கோயிலாக்கிப் புகழும் எழுத்து உண்டு. மறுபுறம், பூசல்களை மட்டுமே பெரிதாக்கிக் காட்டும் எழுத்தும் உண்டு. இவ்விரண்டுக்கும் இடையில், அன்பையும் அதனுள் மறைந்திருக்கும் அநீதியையும் ஒருசேரக் காட்டியவர் கரிசல் மண்ணின் கதைசொல்லி கி. ராஜநாராயணன். சிரிக்கவைத்தே உண்மையைச் சொன்ன அவருடைய படைப்புகளில் குடும்பம் எவ்வாறு இடம்பெறுகிறது என்பதை இப்பாடம் விளக்குகிறது.

மண்ணும் மனையும்

கோவில்பட்டியைச் சுற்றியுள்ள கரிசல் வட்டாரத்தில் உழவரைக் குறிக்கும் சொல் ‘சம்சாரி’ என்பதாகும். சம்சாரம் என்றால் இல்வாழ்க்கை என்பதை நாம் அறிவோம். ஆகவே இல்வாழ்க்கையில் இருப்பவர், உழுது வாழ்பவர் என்னும் இரு பொருள்களும் இவ்வட்டாரத்தில் ஒரே சொல்லுக்குள் அடங்கிவிட்டன. இது தற்செயலன்று. இம்மண்ணில் குடும்பமும் வேளாண்மையும் ஒன்றையொன்று விட்டுப் பிரியாதவை.

கரிசல் என்பது கறுத்த மண். மழைக்காலத்தில் காலோடு ஒட்டிக்கொண்டு நடக்கவிடாது. கோடையில் பாளம் பாளமாக வெடித்துக் கிடக்கும். பெரிய ஆறுகளின் பாசனம் இல்லாத பகுதியாதலால் மழையை நம்பிய மானாவாரி வேளாண்மையே பெரும்பான்மை. பருத்தி, கம்பு, சோளம், உளுந்து, மிளகாய் ஆகியவை இங்கு விளைபவை. மழை பெய்தால் விதைப்பும் களையெடுப்பும் ஒரே நேரத்தில் நெருக்கும். வீட்டிலுள்ள பெரியவர், சிறியவர் அனைவரும் காட்டுக்குச் செல்வர். மழை பொய்த்தால் அடுப்பெரிவது கடினம். ஆண்கள் கூலி வேலை தேடித் தொலைவூர்களுக்குச் செல்வர். வானத்தில் நிகழும் மாற்றம் வீட்டுக்குள் உறவுகளின் மாற்றமாக வந்து இறங்கும். இந்த நுட்பத்தை உணர்ந்தால்தான் கி.ரா.வின் குடும்பக் கதைகளை முழுமையாகப் புரிந்துகொள்ள இயலும்.

இடைசெவலின் மைந்தர்

கோவில்பட்டிக்குத் தெற்கே, திருநெல்வேலிச் சாலையை ஒட்டி அமைந்துள்ள சிற்றூர் இடைசெவல். இவ்வூரில் 1922ஆம் ஆண்டு செப்டம்பர் 16 அன்று கி. ராஜநாராயணன் பிறந்தார். பள்ளிப் படிப்பை இடையிலேயே நிறுத்தியவர் அவர். மழைக்காகப் பள்ளிக்கூடத்தில் ஒதுங்கியதாகவும், அங்கும் பாடத்தைக் கவனிக்காமல் மழையையே வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்துவிட்டதாகவும் அவர் தம்மைப்பற்றி வேடிக்கையாகச் சொல்வதுண்டு. பிறரைக் கேலி செய்வதற்கு முன் தம்மையே கேலி செய்துகொள்ளும் இப்பண்பு அவருடைய எழுத்துக்கும் அடிப்படையாக அமைந்தது.

அவர் முதலில் சம்சாரி, பிறகே எழுத்தாளர். காட்டு வேலை செய்தார். விவசாயிகள் இயக்கத்தில் பங்கேற்றுச் சிறை சென்றார். விளாத்திகுளம் சுவாமிகளிடம் இசை பயின்றார். அச்சில் கதை எழுதத் தொடங்கியபோது அவருக்கு ஏறத்தாழ முப்பத்தைந்து வயதாகியிருந்தது. 1950களின் இறுதியில் ‘சரஸ்வதி’ முதலிய இதழ்களில் அவருடைய தொடக்கக் காலக் கதைகள் வெளிவந்தன. அதுவரை அவர் எழுதியவற்றுள் முதன்மையானவை நண்பர்களுக்கு எழுதிய கடிதங்களே. உள்ளதை உள்ளபடி, நேரில் உட்கார்ந்து பேசுவதுபோல் எழுதும் கடித நடையே பின்னாளில் அவருடைய கதை நடையாயிற்று. அவர் எழுதிய கட்டுரைத் தொடர் ஒன்றின் பெயரே ‘கரிசல் காட்டுக் கடுதாசி’ என்பது இங்குக் கருதத்தக்கது.

கதவில்லாத வீடு

கி.ரா.வுக்குப் பெரும்புகழ் ஈட்டித்தந்த சிறுகதை ‘கதவு’. ஏழைச் சம்சாரி வீடொன்றில் அக்காள் லட்சுமியும் தம்பி சீனிவாசனும் வீட்டுக் கதவில் தொற்றிக்கொண்டு பேருந்து ஓட்டி விளையாடுவதுடன் கதை தொடங்குகிறது. தெருப்பிள்ளைகள் பயணிகளாகின்றனர். பொம்மை வாங்க வழியில்லாத வீட்டில் கதவே பிள்ளைகளுக்குப் பொம்மை. படிக்கும் நமக்கும் சிரிப்பும் குதூகலமும் தொற்றிக்கொள்கின்றன.

மழை பொய்த்துப் போனதால் நிலத்தீர்வை கட்டப்படாமல் பாக்கி நிற்கிறது. தந்தை வேலை தேடி மணிமுத்தாற்றுக்குச் சென்றிருக்கிறார். தாய் கூலி வேலை செய்து பிள்ளைகளைக் காக்கிறாள். தாய் இல்லாத நேரத்தில் தலையாரி ஆட்களுடன் வந்து, தீர்வைப் பாக்கிக்காகக் கதவைக் கழற்றி எடுத்துச் செல்கிறார். நடப்பது இன்னதென அறியாத பிள்ளைகள் அதையும் ஒரு விளையாட்டாகவே கருதுகின்றனர். ஊர்வலம் போவதுபோல் பின்னால் செல்கின்றனர். இந்த இடத்தில் நம் சிரிப்பு தொண்டையில் சிக்கிக்கொள்கிறது.

அதன்பின் கார்த்திகை மாதக் குளிர்காற்று தடுப்பார் இல்லாமல் வீட்டுக்குள் நுழைகிறது. கைக்குழந்தை நோயுற்று இறக்கிறது. பின்னொரு நாள், ஊர்ச்சாவடியை ஒட்டித் தங்கள் வீட்டுக் கதவு கிடப்பதைச் சீனிவாசன் காண்கிறான். ஓடிப்போய் அக்காளை அழைத்து வருகிறான். பிள்ளைகள் அந்தக் கதவைத் தடவிக்கொடுக்கின்றனர். இழந்த உறவினரைக் கண்டதுபோல் அதைத் தழுவிக்கொள்கின்றனர்.

இக்கதையில் யாரும் நீண்ட வசனம் பேசி அழுவதில்லை. வரி வசூலித்தவரைக் கொடியவராக ஆசிரியர் வண்ணிக்கவும் இல்லை. ஒரு மரக்கதவு அந்த வீட்டில் என்னென்னவாக இருந்தது என்பதை மட்டும் காட்டுகிறார். அது பிள்ளைகளுக்கு விளையாட்டுத் தோழன். தாய்க்கு மானம் காக்கும் மறைப்பு. குழந்தைக்குக் குளிரைத் தடுத்த காவல். அரசுப் பதிவேட்டிலோ அது ஏலப்பொருள். ஒரே பொருளுக்கு வீட்டில் ஒரு மதிப்பும் வெளியில் வேறு மதிப்பும் இருப்பதே இக்கதையின் துயரம். தொடக்கத்தில் வரும் சிரிப்பு இல்லாதிருந்தால் இறுதியில் வரும் துயரம் இவ்வளவு ஆழமாக இறங்கியிராது.

நாற்காலி வந்த கதை

கி.ரா.வின் நகைச்சுவை முழுமலர்ச்சி பெற்ற கதை ‘நாற்காலி’. வீட்டுக்கு வந்த மதிப்புமிக்க விருந்தினர் ஒருவர், உட்காரத் தகுந்த இருக்கை இல்லாமல் முக்காலியில் உட்கார்ந்து கீழே விழுந்துவிடுகிறார். பிள்ளைகள் சிரிப்பை அடக்கத் திணறுகின்றனர். அதன்பின் வீட்டில் நாற்காலி ஒன்று செய்தாக வேண்டும் என்னும் முடிவு எடுக்கப்படுகிறது. எந்த மரத்தில் செய்வது என்பதே குடும்ப மாநாட்டின் பொருளாகிறது. பாட்டிக்கு ஒரு கருத்து, அண்ணனுக்கு ஒரு கருத்து. மாமாவும் தமக்கொன்று வேண்டும் என்கிறார். இரண்டு நாற்காலிகள் உருவாகின்றன. நாற்காலியைக் காண ஊரே வருகிறது.

பிறகு ஊரில் ஒரு பெரியவர் இறந்துபோகிறார். உடலை உட்கார வைப்பதற்காக இவர்கள் வீட்டு நாற்காலியை இரவல் கேட்டு வருகின்றனர். மறுக்க முடியவில்லை. திரும்பி வந்த நாற்காலியைக் கழுவித் துடைத்தாலும் அதில் உட்காரப் பிள்ளைகளுக்கு அச்சம். அச்சம் தெளியும் நேரத்தில் அடுத்த இறப்பு, மீண்டும் இரவல். பெருமைக்காகச் செய்த பொருள் ஊர்த் துக்கத்தின் பொதுச்சொத்தாகிவிடுகிறது.

இங்கு யாரும் முட்டாளாகக் காட்டப்படவில்லை என்பதை நாம் கவனிக்க வேண்டும். பாட்டியின் பிடிவாதம், அண்ணனின் அறிவுரை, மாமாவின் ஆசை ஆகிய அனைத்தும் நம் வீடுகளிலும் காணக்கூடியவை. பிறர் வீட்டை எட்டிப்பார்த்துச் சிரிக்கும் சிரிப்பன்று இது; உள்ளே உட்கார்ந்துகொண்டு தன்னையும் சேர்த்துச் சிரிக்கும் சிரிப்பு. எள்ளல் பிறரைச் சிறுமைப்படுத்தும்; நகைச்சுவை நம்மையும் அவர்களுள் ஒருவராக உணரச்செய்யும். இவ்வேறுபாட்டைப் புரிந்துகொள்ள ‘நாற்காலி’ சிறந்த எடுத்துக்காட்டாகும்.

மறைக்காமல் சொல்லல்

நகைச்சுவை ஒரு கண் என்றால் நேர்மை மறு கண். ‘கன்னிமை’ என்னும் கதை இதனை விளக்கும். நாச்சியாரம்மா என்னும் இளம்பெண் பிறந்த வீட்டில் அன்பே உருவானவள். வேலை செய்யும் மக்களுக்கும் கேட்டு வருவோர்க்கும் கணக்குப் பாராமல் அள்ளிக் கொடுப்பவள். அவளுடன் ஒரே வீட்டில் வளர்ந்த ஒருவர் கதையின் முற்பகுதியைச் சொல்கிறார். பிற்பகுதியை அவளுடைய கணவர் சொல்கிறார். திருமணத்திற்குப் பின் அவள் சிறுகச் சிறுக மாறிப்போகிறாள். கொடுத்துப் பழகிய கை கணக்கு எழுதும் கையாகிறது. நோயுற்றுக் கிடக்கும் கணவர், முன்பு இருந்த நாச்சியாரம்மாவை எண்ணி ஏங்குகிறார்.

இக்கதை பல வினாக்களை எழுப்புகிறது. மாறியது அவளுடைய மனமா, அவள்மேல் ஏறிய வீட்டுப் பொறுப்பா? பிறந்த வீட்டில் கொடுப்பதற்கு அவளுக்கு உரிமை இருந்தது. புகுந்த வீட்டில் மிச்சம் பிடிக்கும் கடமை வந்தது. பருவமழை தவறினால் பட்டினி கிடக்க நேரும் மண்ணில், வீட்டுப் பெண் கணக்குப் பார்ப்பது குற்றமாகுமா? மேலும் ஒன்றைக் கவனிக்கலாம்: கதையைச் சொல்லும் இருவரும் ஆண்கள். நாச்சியாரம்மா தன் கதையைத் தானே சொல்லும் பகுதி இதில் இல்லை. அவள் சொல்லியிருந்தால் என்ன சொல்லியிருப்பாள் என்று எண்ணிப் பார்ப்பது வாசகராகிய நம் வேலை. விடையைத் தாமே கூறி முடித்துவிடாமல் வாசகரிடம் விட்டுச் செல்வதும் நேர்மையின் ஒரு வடிவமே.

‘கறிவேப்பிலைகள்’ என்னும் கதையின் தலைப்பே அதன் பொருளை உணர்த்திவிடும். குழம்புக்கு மணம் சேர்க்கும் கறிவேப்பிலையை உண்ணும்போது ஒதுக்கி வைப்பது நம் வழக்கம். உழைக்க வலுவிருந்த காலத்தில் எல்லார்க்கும் வேண்டியவர்களாக இருந்த முதிய கணவனும் மனைவியும், வலுவிழந்த பின் யார்க்கும் வேண்டாதவர்களாகின்றனர். உறவு என்பது அன்பால் மட்டும் கட்டப்பட்டதன்று; பயன்பாட்டாலும் கட்டப்பட்டது என்னும் கசப்பான உண்மையை இக்கதை சொல்கிறது.

உறவுகளைச் சாதி எவ்வாறு அறுக்கிறது என்பதையும் அவர் மறைக்கவில்லை. ஆட்டுக்கிடையைக் களமாகக் கொண்ட ‘கிடை’ என்னும் குறுநாவலில், காதலித்த இருவருள் துன்பம் முழுவதும் ஒடுக்கப்பட்ட குலத்துப் பெண்ணின் தலையில் விழுகிறது; ஆணுக்கோ வேறிடத்தில் திருமணம் நடக்கிறது. ஒரே நிகழ்வுக்கு இருவேறு விலை. இக்குறுநாவலைத் தழுவி, அம்ஷன்குமார் இயக்கத்தில் ‘ஒருத்தி’ என்னும் திரைப்படம் 2003ஆம் ஆண்டு உருவாயிற்று.

குடும்பம் ஊராதல்

1976ஆம் ஆண்டு வெளிவந்த ‘கோபல்ல கிராமம்’ புதினத்தில் கி.ரா. குடும்பத்தை வரலாறாக விரித்தார். தெலுங்கு நாட்டிலிருந்து அச்சத்தோடு புறப்பட்டுத் தெற்கே வந்த மக்கள், காட்டைத் திருத்தி ஊராக்கிய கதை அது. அக்கதையைப் பெரிதும் நினைவிலிருந்து சொல்பவர் மங்கத்தாயாரு என்னும் மூதாட்டி. நூறு வயதைக் கடந்து, உடல் சுருங்கி, வீட்டின் ஒரு மூலையில் இருக்கும் அவருக்குள்தான் அம்மக்கள் நடந்துவந்த பாதை முழுவதும் பாதுகாக்கப்பட்டிருக்கிறது. ‘கறிவேப்பிலைகள்’ கதையில் ஒதுக்கப்பட்ட முதுமை, இங்கு ஊரின் ஆவணக் காப்பகமாக மதிப்புப் பெறுகிறது.

உடன்பிறந்தோர் ஒன்றாய் வாழும் கோட்டையார் வீட்டில் ஒவ்வொருவர்க்கும் ஒரு பொறுப்பு, ஒரு குணம், ஒரு விசித்திரம். கூட்டுக்குடும்பத்தின் வலிமையையும் அதற்குள் நிகழும் சிறு உரசல்களையும் ஒருசேரக் காண்கிறோம். இதன் தொடர்ச்சியான ‘கோபல்லபுரத்து மக்கள்’ விடுதலைப் போராட்டக் காலம்வரை நீள்கிறது. இப்புதினத்திற்கு 1991ஆம் ஆண்டு சாகித்திய அகாதெமி விருது வழங்கப்பட்டது. ‘அந்தமான் நாயக்கர்’ இவ்வரிசையில் மூன்றாவதாக அமைகிறது.

வீட்டு மொழியே இலக்கிய மொழி

குடும்பத்தை உண்மையாக எழுத வேண்டுமானால் குடும்பம் பேசும் மொழியில்தான் எழுத வேண்டும் என்பது கி.ரா.வின் உறுதி. தாய் பிள்ளையை வையும் சொல், பாட்டி கதை சொல்லும் சொல், மாமன் மைத்துனர் கேலி பேசும் சொல் ஆகியவற்றைச் செந்தமிழில் மாற்றினால் பொருள் மிஞ்சும், உறவு மறைந்துவிடும். வழக்குச் சொற்களை அவர் கதைகளில் ஆண்டதோடு நிறுத்தவில்லை; ஊர் ஊராகத் தொகுத்துக் கரிசல் வட்டார வழக்குச் சொல்லகராதியையும் உருவாக்கினார். தமிழில் வட்டார அகராதிகள் பல தோன்றுவதற்கு அது முன்னோடியாயிற்று.

பாட்டிமாரும் தாத்தாமாரும் சொன்ன வாய்மொழிக் கதைகளையும் அவர் திரட்டினார். அத்தொகுப்புகளுள் ‘நாட்டுப்புறக் கதைக் களஞ்சியம்’ பெரியது. 1989ஆம் ஆண்டு புதுவைப் பல்கலைக்கழகம் அவரை வருகைதரு பேராசிரியராக அழைத்தது. பள்ளிப் படிப்பை முடிக்காத ஒருவரைப் பல்கலைக்கழகம் பேராசிரியராக ஏற்றது, அவர் சுமந்து சென்ற வீட்டு அறிவுக்குக் கிடைத்த மதிப்பாகும்.

ஒரே ஊர், இரு எழுத்தாளர்கள்

இடைசெவலின் மற்றொரு பெரும் எழுத்தாளர் கு. அழகிரிசாமி. 1923ஆம் ஆண்டு பிறந்த இவர் கி.ரா.வின் இளமைக்காலத் தோழர். இவர்களுடைய கடிதத் தொடர்பு தமிழிலக்கிய நட்புக்குச் சான்றாகும். அழகிரிசாமியின் ‘ராஜா வந்திருக்கிறார்’ என்னும் கதையில், வறுமைப்பட்ட தாயொருத்தி தீபாவளி நேரத்தில் ஆதரவற்ற சிறுவன் ஒருவனைத் தன் பிள்ளைகளோடு சேர்த்துக்கொள்கிறாள். அவன் பெயர் ராஜா. செல்வர் வீட்டுக்கு ஜமீன்தார் வந்ததைப் பெருமையாகக் கூறும் பிள்ளையிடம், தங்கள் வீட்டுக்கும் ராஜா வந்திருப்பதாக அந்தத் தாயின் மகள் சொல்கிறாள். குடும்பம் என்பது இரத்த உறவால் மட்டும் ஆனதன்று எனக் காட்டும் கதை இது. அழகிரிசாமி 1970ஆம் ஆண்டு மறைந்தார். அவருடைய ‘அன்பளிப்பு’ தொகுப்புக்கு அவ்வாண்டுக்கான சாகித்திய அகாதெமி விருது கிடைத்தது.

இருவரும் தொட்ட மண்ணில் பூமணி, சோ. தர்மன், கோணங்கி எனப் பல எழுத்தாளர்கள் தோன்றினர். பூமணியின் ‘அஞ்ஞாடி’ 2014ஆம் ஆண்டும், சோ. தர்மனின் ‘சூல்’ 2019ஆம் ஆண்டும் சாகித்திய அகாதெமி விருதைப் பெற்றன. மழை குறைந்த நிலம், கதை மிகுந்த நிலமாயிற்று.

நமக்கு எஞ்சுவது

2021ஆம் ஆண்டு மே 17 அன்று புதுச்சேரியில் கி.ரா. மறைந்தார். அவருடைய உடல் இடைசெவலுக்குக் கொண்டுவரப்பட்டு அரசு மரியாதையுடன் இறுதி நிகழ்வு நடந்தது. கோவில்பட்டியில் தமிழ்நாடு அரசு அவருக்கு நினைவரங்கம் அமைத்துள்ளது. எழுதிச் சேர்த்தவை மட்டுமின்றி, குடும்பத்தைப் பார்க்கும் முறையொன்றையும் அவர் நமக்கு விட்டுச் சென்றிருக்கிறார்.

நம் வீட்டிலும் ஒரு மங்கத்தாயாரு இருக்கலாம். நாம் அவரிடம் ஒரு முறைகூடக் கதை கேட்டிருக்கமாட்டோம். நம் வீட்டிலும் ஒரு நாச்சியாரம்மா இருக்கலாம். அவர் ஏன் எப்போதும் கணக்குப் பார்க்கிறார் என்று நாம் சலித்துக்கொண்டிருப்போம். அவர்களைக் குறைகூறாமலும் குறையே இல்லாதவர்களாக்காமலும் பார்க்கக் கற்றுக்கொள்வதே கி.ரா.வைப் படிப்பதன் பயன். சிரிக்கத் தெரிந்த வீட்டில்தான் உண்மையையும் பேச முடியும். அந்தத் துணிவை அவருடைய சம்சாரி வீட்டுக் கதைகள் நமக்குத் தருகின்றன.

சொல்லும் பொருளும்

சம்சாரி – உழவர்
மானாவாரி – மழையை மட்டும் நம்பிய வேளாண்மை
தீர்வை – நிலவரி
தலையாரி – சிற்றூர் ஊழியர்
சாவடி – ஊர்ப் பொதுக் கட்டடம்
கடுதாசி – கடிதம்

கற்பவை கற்றபின்

1. உங்கள் வீட்டில் நெடுங்காலமாக இருந்துவரும் பொருள் ஒன்றைத் தேர்ந்தெடுக்க. அது வீட்டிலுள்ள ஒவ்வொருவர்க்கும் எவ்வாறு பொருள்படுகிறது என்பதைக் கேட்டறிந்து ஒரு பக்க அளவில் எழுதுக.

2. நாச்சியாரம்மா தன் கதையைத் தானே சொல்வதாகக் கற்பனை செய்து உரைப்பகுதி ஒன்றை உருவாக்குக.

3. உங்கள் வீட்டிலோ தெருவிலோ உள்ள மூத்தவரிடம் ஒரு வாய்மொழிக் கதையைக் கேட்டு, அவர் பேசிய வழக்குமொழியிலேயே பதிவு செய்க. அதிலுள்ள வட்டாரச் சொற்களுக்குப் பொருள் எழுதுக.

4. ‘எள்ளலும் நகைச்சுவையும் ஒன்றல்ல’ – இக்கூற்றை ‘நாற்காலி’ கதையைக் கொண்டு வகுப்பில் கலந்துரையாடுக.